உள்ளங்கைத் தோல் ஏன் நகர்வதில்லை?

அன்புள்ள மருமகனுக்கு,

மாமா எழுதுவது. புறங்கைத் தோலைக் கிள்ளித் தூக்க முடிகிறது, உள்ளங்கைத் தோலைத் தூக்க முடியவில்லையே ஏன் என்று கேட்டிருந்தாய். நல்ல கேள்வி. தொலைபேசியில் இரண்டு வரியில் முடித்துவிட மனம் வரவில்லை.

உள்ளங்கைத் தோலுக்கு அடியில் வெண்மையான, கெட்டியான இணைப்புத் திசுப் படலம் ஒன்று இருக்கிறது. உள்ளங்கை நாண்படலம் என்று வைத்துக்கொள். பெரும்பாலும் கொலாஜன் இழைகளால் ஆனது. மணிக்கட்டருகே குறுகலாகத் தொடங்கி, விரிந்துகொண்டே போய், கட்டைவிரல் நீங்கலான நான்கு விரல்களை நோக்கி நான்கு பட்டைகளாகப் பிரிகிறது. குறுக்கே ஓடும் இழைகள் அந்தப் பட்டைகளைச் சேர்த்துப் பிடிக்கின்றன. இவை போகச் செங்குத்தான இழைகளும் உண்டு. நீ கேட்டதற்குப் பதில் இவற்றில்தான் இருக்கிறது. சில மேலே ஏறித் தோலைப் பிடிக்கின்றன, சில கீழே இறங்கி எலும்புவரை போகின்றன. இலவம்பஞ்சு மெத்தையில் பஞ்சு ஒரு பக்கமாக ஒதுங்காமலிருக்க ஊடே குத்தித் தைத்திருப்பார்களே, அதே ஏற்பாடு. இழைகளுக்கு நடுவே கொழுப்பு சிறுசிறு அறைகளில் அடைபட்டிருப்பதால், எவ்வளவு அழுத்தினாலும் விலகி ஓடாமல் தாங்குகிறது.

தேக்கா சந்தையிலிருந்து உன் அம்மா மீனும் காய்கறியுமாகக் கனத்த பைகளைத் தூக்கி வருகிறாள். எம்ஆர்டி ரயில் குலுங்கி நிற்கும்போது நீ கம்பியை இறுகப் பிடிக்கிறாய். உள்ளங்கைத் தோலும் புறங்கைத் தோல்போல நகர்ந்தால், பிடித்த பொருள் தோலோடு சேர்ந்து நழுவும்.

கைரேகைகளும் இதோடு சேர்ந்தவைதான். சோதிடர் ஆயுள் ரேகை என்று காட்டும் கோடு, கட்டைவிரல் உள்ளே வருவதற்கான மடிப்பு. கை மடங்கும் இடங்களில் தோல் ஆழத்தோடு இறுகக் கட்டுண்டிருக்கிறது. தாயின் வயிற்றில் மூன்றாம் மாதவாக்கிலேயே இந்த மடிப்புகள் உருவாகிவிடுகின்றன.

இப்போது ஒன்று செய்து பார். கட்டைவிரல் நுனியால் சுண்டுவிரல் நுனியைத் தொட்டபடி மணிக்கட்டை உள்பக்கம் லேசாக மடக்கு. நடுவில் ஒரு நாண் புடைத்தால், அது பால்மாரிஸ் லாங்கஸ் தசையினுடையது. நாண்படலத்தை இழுத்து விறைப்பாக்குவது அதுதான். சிலருக்கு அந்தத் தசையே இருக்காது. மேலைநாட்டுப் பாடநூல்கள் சுமார் 15 விழுக்காட்டினருக்கு இல்லை என்கின்றன. நம் சிங்கப்பூர்த் தேசியப் பல்கலைக்கழக மருத்துவமனையின் கை அறுவை மருத்துவர்கள் சீனர்களிடம் பார்த்தபோது 4.6 விழுக்காட்டினருக்கே இல்லை. 2005இல் அதை வெளியிட்டார்கள். இல்லாதவர்களின் பிடிவலு குறைவதில்லை என்பதையும் அவர்களே காட்டினார்கள். எனவே உனக்கு நாண் புடைக்காவிட்டால் கவலைப்படாதே. வேறிடத்தில் அறுந்த நாணுக்குப் பதிலாக ஒட்ட, மருத்துவர்கள் இந்த நாணைத்தான் அடிக்கடி எடுப்பார்கள்.

சிலருக்கு முதுமையில் உள்ளங்கை நாண்படலம் தடித்துச் சுருங்கும். மோதிரவிரலும் சுண்டுவிரலும் மடங்கியபடியே நின்றுவிடும். குறை விரல் நாண்களில் இல்லை, மேலுள்ள படலத்தில்தான் என்று பாரிஸ் மருத்துவர் டூப்யூட்ரன் 1831இல் விளக்கினார். நோய்க்கு அவர் பெயரே நிலைத்தது. வட ஐரோப்பியரிடம் அதிகம், ஆசியரிடம் அரிது. நீரிழிவு உள்ளவர்களிடம் சற்றுக் கூடுதலாகக் காணப்படும்.

இதைவிட உனக்கு வேண்டியது வேறு. படலத்துக்குச் சற்றுக் கீழேயே விரல்களுக்குப் போகும் நரம்புகளும் ரத்தக் குழாய்களும் இருக்கின்றன. உள்ளங்கையில் கத்தி ஆழமாக இறங்கினால், வெளியே சின்னக் கோடாகத் தெரிந்தாலும் உள்ளே நரம்பு அறுந்திருக்கலாம். காயத்துக்குப்பின் விரல்நுனி மரத்துப்போனாலோ, விரலை மடக்க முடியாவிட்டாலோ, பிளாஸ்டர் ஒட்டிவிட்டுச் சும்மா இருக்காதே. அன்றே அவசர சிகிச்சைப் பிரிவுக்குப் போ. சீழ் பிடித்தாலும் உள்ளங்கைத் தோல் எளிதில் வீங்க இடம் கொடுக்காது. வீக்கம் புறங்கையில் தெரியும். புறங்கைதானே வீங்கியிருக்கிறது என்று ஏமாந்துவிடக் கூடாது.

அவகாடோவை உள்ளங்கையில் வைத்துக் கொட்டையைக் கத்தியால் குத்தி எடுக்கிறாயாம், அம்மா சொன்னாள். இனி பலகையில் வைத்து வெட்டு.

அன்புடன்,
மாமா