லயத்துப் பின்னால சவுக்கு நடுறதுக்கு முன்னால

கிறிஸ்மஸ் அட்டையில பார்த்த நீல ஸ்புரூஸ் வேணுமுன்னு நர்சரியில போய் நிக்காத, தங்கச்சி. அது அமெரிக்காவுல ரொக்கி மலைப் பனிக்குப் பழகின மரம், பதுளை வெயில்ல உருப்படாது. நமக்குத்தான் தேயிலைக்கு நடுவுல நிக்கிற சவுக்கு இருக்கே, சில்வர் ஓக்! அதுவும் அவுஸ்திரேலியாவுல இருந்து வந்ததுதான். வேர் ஆழமா இறங்குறதால தேயிலையோட அவ்வளவா மல்லுக்கு நிக்காது.

1. ஐப்பசி, கார்த்திகை மழையில நடு. சித்திரை மழைய நம்பினா, ஆடிக் கச்சான் காத்து இளவேரைக் காய வச்சிரும். ஊவாத் தேயிலைக்கு வாசம் குடுக்கிற அதே காத்துதான், கன்னுக்கு எமன்.

2. பையைக் கிழிச்சு எறிஞ்சிட்டு நடு. பையோட புதைக்கிற சோம்பேறிங்க இன்னும் இருக்காங்க. அடியில வேர் சுருண்டிருந்தா கவ்வாத்துக் கத்தியால சீவிரு. சுருண்ட வேர் பெருத்தாலும் சுருண்டேதான் கிடக்கும். மரம் நல்லா ஓங்கின பிறகு ஒரு பெருங்காத்துல அடியோட சாயும்.

3. தண்டும் வேரும் சேர்ற கழுத்தை மண்ணுல புதைக்காத. உரத்தையும் அடிமரத்துல கொட்டாத. தண்ணி உறிஞ்சுற மெல்லிசு வேர் கிளை நுனிக்கு நேர் கீழயும் அதுக்கு அப்பாலயும்தான் அதிகமா இருக்கு.

4. விழுந்தா கூரையத் தொடாத தூரத்துல நடு. இடமில்லையா? ஒரு கொய்யாக் கன்னு போதும்.

5. தேயிலைக்குள்ள நிக்கிற சவுக்கைச் சட்டுனு வெட்டாத. தோட்டத்து மரம்னா முதல்ல ஆபீஸ்ல கேளு. அப்புறம் அடிமரத்துப் பட்டையை வளையமா உரிச்சு, மரம் காயுற வரைக்கும் பொறு. வேர்ல சேர்ந்திருக்கிற மாச்சத்து அதுக்குள்ள தீர்ந்துரும். பச்சையா வெட்டிக் கட்டையை விட்டா அந்த மாச்சத்துல பூஞ்சணம் பிடிச்சு, வேர் வழியா பக்கத்துத் தேயிலைக்கு ஏறும். கருகினது ஒரு செடின்னு நீ பார்க்கிறதுக்குள்ள அடுத்ததும் போயிருக்கும்.

6. முற்றத்தைப் பெருசாக்கணும்னு மண்மேட்டை வெட்டாத. கானை மட்டும் மழைக்கு முன்னால சுத்தம் பண்ணு.

மரம் நிக்குது, மலை சரியாதுன்னு மட்டும் நினைச்சிராத. வேர் எவ்வளவு ஆழமா இறங்கினாலும் அது எட்டுற மண்ணை மட்டும்தான் பிடிக்கும். அதுக்கும் கீழ தண்ணி ஊறி நகர்ந்தா எந்த மரமும் தாங்காது. 2014 ஒக்டோபர் 29-ல கொஸ்லந்தை மீரியபெத்தையில லயங்கள் மண்ணுக்குள்ள போச்சே. அபாயம்னு முன்னாடியே சொல்லியிருந்த இடம் அது.

அதனால மழை நாள்ல மரத்தைப் பாரு. நேத்து நேரா நின்னது இன்னிக்கு சாய்ஞ்சிருக்கா, அடியில மண் வெடிச்சிருக்கா, பீலித் தண்ணி திடீர்னு கலங்கி வருதா? இதுல ஒண்ணு கண்டாலும் அடையாள அட்டையையும் பிள்ளைகளையும் எடுத்துக்கிட்டு சரிவை விட்டு விலகிப் போ. அனர்த்த அவசர எண் 117-க்கு போன் பண்றதையும் விலகின இடத்துல நின்னு பண்ணு.