மிடி இருக்கிறது, ஒலி எங்கே?

கோவா டிரான்ஸ் டிராக் ஒன்றை வீட்டுக் கம்ப்யூட்டரில் அப்படியே உருவாக்க ஆசை. மிடி ஃபைலை இறக்கிப் போட்டால் பழைய செல்போன் ரிங்டோன் மாதிரி கேட்கிறது. என்ன தவறு செய்கிறேன்?
– ஒரகடம் தொழிற்சாலை ஊழியர், வல்லக்கோட்டை

தவறே இல்லை. மிடியில் ஒலி கிடையாது; எந்தச் சுரம், எப்போது, எவ்வளவு அழுத்தமாக என்ற குறிப்பு மட்டும்தான். ஒலியை நீங்கள்தான் செய்ய வேண்டும்.

பேஸை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதை மியூட் செய்யுங்கள். 'வைட்டல்' சிந்தசைஸர் இலவசமாகவே கிடைக்கிறது. அதில் ஒரே ஒரு சா-டூத் அலை. லோ-பாஸ் ஃபில்டரை நன்றாக மூடி, ரெசனன்ஸை முக்கால்வாசி ஏற்றி, என்வலப் அதைத் திறக்கும்படி இணையுங்கள். டிகே 200 மில்லி செகண்ட் போதும். வாய்ஸ் எண்ணிக்கை 1. லெகாட்டோவும் கொஞ்சம் கிளைடும் வேண்டும். சில சுரங்களை மட்டும் அடுத்த சுரத்தின் மேல் லேசாக ஏறும்படி நீட்டுங்கள், அங்கே வழுக்கிக்கொண்டு போகும். டிராக் ஓடும்போதே கட்-ஆஃபை மெதுவாகத் திருகி ஆட்டோமேஷனாகப் பதியுங்கள். கோவா டிரான்ஸின் உயிரே அந்தத் திருகலில்தான்.

மும்பை சினிமா இசைக்கலைஞர் சரண்ஜித் சிங், 1982-லேயே ரோலண்ட் டிபி-303 பேஸ் சிந்தசைஸரின் இதே வழுக்கலும் திருகலும் கொண்ட ஒலியோடு பத்து ராகங்களை டிஸ்கோ தாளத்தில் வாசித்து ஆல்பம் போட்டுவிட்டார். அதில் வரும் பைரவ் ராகம், நம் மாயாமாளவகௌளையின் சுரங்கள்தான். சரளி வரிசை தெரிந்தவர் யாரையாவது பக்கத்தில் உட்காரவைத்து, அந்த பைரவ் டிராக்கைக் காதால் கேட்டே மிடியில் எழுதலாம். உங்கள் கோவா டிராக்குக்கு முன் இதில் கை பழகுங்கள். எட்டு பார் சரியாக வந்ததும் எங்களுக்கு அனுப்பிவையுங்கள், கேட்கக் காத்திருக்கிறோம்.