பொது நூலகக் கோப்புகளை இனங்காணுதல்

கணிப்பொறியில் இயங்கும் நிரல்கள் பலவற்றிற்கும் பொதுவான வேலைகள் சில உண்டு. கோப்பைத் திறத்தல், திரையில் எழுத்தை வரைதல், செய்தியை மறைகுறியாக்கி அனுப்புதல் முதலியன அத்தகையவை. இவற்றிற்கான கட்டளைகளை ஒவ்வொரு நிரலிலும் தனித்தனியே எழுதாமல், ஒரே கோப்பில் திரட்டி, நிரல்கள் யாவும் எடுத்தாளும்படி வைப்பர். இதுவே பொது நூலகக் கோப்பு. விண்டோஸில் இதன் பெயர் பெரும்பாலும் ‘டி.எல்.எல்.’ என்னும் ஈற்றையும், லினக்ஸில் ‘எஸ்.ஓ.’ என்னும் குறியையும் கொண்டிருக்கும்.

இம்முறையால் இடம் மிச்சமாகின்றது. பிழையொன்றைத் திருத்தினால் அக்கோப்பை நாடும் நிரல்கள் அனைத்தும் பயன் பெறுகின்றன. அதே காரணத்தால், பழுதுற்ற கோப்போ போலிக் கோப்போ புகுந்தால் அந்நிரல்கள் அனைத்தும் கேட்டிற்கு உள்ளாகின்றன. ஆதலின் ஒரு கோப்பு இன்னதென ஐயமறத் தெளிதல் இன்றியமையாதது.

பெயர் மட்டும் போதாது

கீழாநெல்லி என்னும் ஒரே பெயரால் ஒன்றையொன்று ஒத்த பல செடியினங்கள் வழங்கப்படுகின்றன. நூலகக் கோப்புகளின் நிலையும் அத்தகையதே.

2014-ஆம் ஆண்டு ஏப்ரல் 7-ஆம் நாள், ஓப்பன்எஸ்எஸ்எல் என்னும் மறைகுறி நூலகத்தில் ‘ஹார்ட்பிளீட்’ என்ற குறை இருப்பது வெளியிடப்பட்டது. சர்வரின் நினைவகத்திலுள்ள கடவுச்சொற்களையும் இரகசியத் திறவுகோல்களையும் அயலார் படித்துவிட அது இடமளித்தது. 1.0.1 முதல் 1.0.1எஃப் வரையான பதிப்புகள் குறையுடையவை, 1.0.1ஜி திருத்தமுற்றது. எனினும் டெபியன் லினக்ஸில் பழைய கோப்பிற்கும் திருத்திய கோப்பிற்கும் பெயர் ஒன்றே: ‘லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.1.0.0’. பெயரிலுள்ள எண் நிரல்களோடு பொருந்தும் இணக்கத்தைக் குறிப்பதேயன்றி, வெளியீட்டைக் குறிப்பதன்று. மேலும், கோப்பை மாற்றிய பின்னரும் ஏற்கெனவே இயங்கிக்கொண்டிருந்த நிரல்கள், நிறுத்தி மீண்டும் தொடங்கப்படும் வரை, பழைய பிரதியையே நினைவகத்தில் வைத்திருந்தன.

நான்கு அடையாளங்கள்

1. தலைப்பகுதி: லினக்ஸ் கோப்பின் முதல் பைட் பதினாறடிமான முறையில் 7எஃப், அடுத்த மூன்றும் ‘இ, எல், எஃப்’ எழுத்துகள். விண்டோஸ் கோப்பு ‘எம், இசட்’ என்று தொடங்கும். நேரடியாக இயங்கும் நிரலும் அவ்வாறே தொடங்குவதால், உள்ளே உள்ள குறியொன்றே அது நூலகமா எனக் காட்டும்.

2. செயலி வகை: கோப்பு 32 பிட் வகையா, 64 பிட் வகையா என்பதும் தலைப்பகுதியில் பதிந்திருக்கும். 64 பிட் விண்டோஸில் ‘சிஸ்டம்32’ என்னும் உறையிலேயே 64 பிட் கோப்புகள் உள்ளன. 32 பிட் கோப்புகளின் இடம் ‘சிஸ்வாவ்64’. இங்கும் பெயர் ஏமாற்றுகின்றது.

3. பதிப்பு: பொதியின் முழு எண்ணைக் காணல் வேண்டும். டெபியன் 7, 1.0.1இ என்ற எண்ணை மாற்றாமல், பொதி எண்ணின் இறுதிக் குறிப்பை மட்டும் மாற்றி ஹார்ட்பிளீட் திருத்தத்தை வழங்கிற்று.

4. ஹாஷ் எண்ணும் கையொப்பமும்: எஸ்.எச்.ஏ.-256 முறை எக்கோப்பிற்கும் 64 பதினாறடிமான இலக்கங்களைத் தரும். கோப்பில் ஒரு பிட் மாறினும் விடை முற்றிலும் வேறாகும். மின்கையொப்பம் வெளியிட்டவர் யார் என உரைக்கும்.

இந்நான்காவது சோதனைக்கும் எல்லை உண்டு. 2024 மார்ச்சில், எக்ஸ்.இசட். என்னும் சுருக்க நூலகத்தின் 5.6.0, 5.6.1 ஆகிய பதிப்புகளில், பராமரிப்பாளர் ஒருவரின் வழியாகவே கள்ளக் கட்டளைகள் நுழைக்கப்பட்டிருந்தது கண்டறியப்பட்டது. கோப்பு வெளியீட்டாளர் தந்ததே என்பதை ஹாஷ் எண் மெய்ப்பிக்கும். அது நல்லது என்பதை மெய்ப்பிக்காது.

களத்தில் செய்யத்தக்கவை

‘டி.எல்.எல். கோப்பைக் காணவில்லை’ என்ற அறிவிப்புத் தோன்றின், அப்பெயருள்ள கோப்பை அறிமுகமற்ற இணையதளத்திலிருந்து இறக்குதல் தகாது. அதனை நாடும் நிரலை அதன் மூல வெளியீட்டாளரிடமிருந்து பெற்று மீண்டும் நிறுவுவதே முறை. அலுவலகக் கணிப்பொறிகளுக்கான பதிவேட்டில் கோப்பின் பெயருடன் வகை, செயலி, பொதி எண், ஹாஷ் எண் ஆகியவற்றையும் குறித்தல் நன்று.

வகுப்பறையில், டி.எல்.எல். கோப்பொன்றின் பிரதியை எடுத்து, அதன் பெயர் ஈற்றை ‘டி.எக்ஸ்.டி.’ என மாற்றி, பைட் காட்டும் கருவியில் திறந்து காட்டலாம். பெயர் மாறியும் ‘எம், இசட்’ மாறாதிருப்பதை மாணவர் நேரில் கண்டு தெளிவர்.