ஊருக்காக ஓட்டு கேட்ட பேங்க்காரர்

பேங்க் நடத்துகிறவர் என்றால் வட்டி, கணக்கு, பணப்பெட்டி இதோடு நின்றுவிடுவார் என்றுதானே நினைப்போம்? தாமஸ் அட்வுட் அப்படி இல்லை.

இவர் இங்கிலாந்தில் பர்மிங்காம் பக்கத்திலுள்ள ஹேல்ஸ்ஓவனில் 1783-ஆம் ஆண்டு பிறந்தார். அப்பாவின் பேங்க்கிலேயே வேலைக்குச் சேர்ந்தார். 1811-இல், 28 வயதில், பர்மிங்காமின் ஹை பெய்லிஃப் ஆனார். ஊர்த் தலைவர் மாதிரி ஒரு பதவி என்று வைத்துக்கொள்ளுங்கள். அப்போது நெப்போலியனோடு போர் நடந்தது. அரசாங்கம் போட்ட வியாபாரத் தடை உத்தரவுகளால் பர்மிங்காம் சரக்கு அமெரிக்காவுக்குப் போகவில்லை. பட்டறைகளில் வேலை இல்லை. அட்வுட் லண்டனுக்குப் போய் வாதாடினார். 1812-இல் உத்தரவுகள் வாபஸ் ஆயின. தொழிலாளிகள் அவருக்கு வெள்ளிக் கோப்பை பரிசு கொடுத்தார்கள்.

போர் 1815-இல் முடிந்தது. ஆனால் கஷ்டம் முடியவில்லை. நோட்டுக்குப் பதில் தங்கம் கொடுக்கணும் என்ற பழைய முறைக்குத் திரும்ப 1819-இல் சட்டம் வந்தது. அட்வுட் இதை எதிர்த்தார். ஏன் தெரியுமா? தங்கம் இருக்கிற அளவுக்குத்தான் பணம் என்றால் ஊரில் பணம் குறையும், விலையும் விழும். ஆணி நல்ல விலைக்கு விற்கும்போது ஒருத்தர் 100 பவுன் கடன் வாங்குகிறார். பிறகு ஆணி விலை பாதியாகிறது. கடன் மட்டும் அதே 100! இப்போ இரண்டு மடங்கு ஆணி அடித்தால்தான் கடனை அடைக்க முடியும். (தக்காளி போட்ட வீட்டுப் பிள்ளைகளுக்கு இந்தக் கணக்கு உடனே புரியும்.)

பார்லிமென்ட் அவர் சொன்னதைக் கேட்கவில்லை. எப்படிக் கேட்கும்? ஒரு லட்சத்து நாற்பதாயிரம் பேர் இருந்த பர்மிங்காமுக்கு ஒரு உறுப்பினர்கூட கிடையாது. ஆனால் ஆளே இல்லாத ஓல்ட் சாரம் என்ற மேட்டுக்கு இரண்டு பேர்! சட்டசபையையே மாற்றினால்தான் சரிப்படும் என்று அட்வுட் முடிவு செய்தார். 1830 ஜனவரியில் பர்மிங்காம் அரசியல் சங்கம் தொடங்கியது. முதலாளியும் தொழிலாளியும் ஒரே சங்கத்தில் சேர்ந்தார்கள். 1832 மே மாதம் நியூஹால் குன்றில் லட்சக்கணக்கில் கூடினார்கள். அடிதடிக்கு அட்வுட் இடம் கொடுக்கவே மாட்டார். ஜூன் மாதம் சீர்திருத்தச் சட்டம் நிறைவேறியது. டிசம்பரில் பர்மிங்காமின் முதல் இரண்டு உறுப்பினர்களில் ஒருவராக அவர் போனார்.

ஆனால் பாருங்கள், நகரங்களில் வருஷத்துக்கு 10 பவுன் வாடகை மதிப்புள்ள வீட்டில் இருக்கிற ஆணுக்குத்தான் ஓட்டு என்று சட்டம் சொன்னது. குன்றில் நின்று கத்தினவங்களில் பெரும்பாலானவர்களுக்கு ஒன்றுமே கிடைக்கவில்லை. இது எனக்கு அநியாயமாகத்தான் படுகிறது.

தொழிலாளிகள் மறுபடியும் கிளம்பினார்கள். 1839 ஜூன் 14 அன்று சார்ட்டிஸ்டுகளின் மனுவை அட்வுட்தான் பார்லிமென்டில் கொடுத்தார். சுமார் 12 லட்சத்து 80 ஆயிரம் கையெழுத்து! ஒட்டி ஒட்டிச் சுருட்டிய காகிதம் வண்டிச் சக்கரம் மாதிரி இருந்ததாம். ஜூலையில் ஓட்டெடுப்பு நடந்தது. ஆதரவு 46, எதிர்ப்பு 235. அந்த வருஷக் கடைசியில் அட்வுட் பதவியை விட்டுவிட்டார். 1856-இல் இறந்தார். குடும்ப பேங்க்கும் 1865-இல் நொடித்துப்போனது.

இன்னொரு விஷயம். அந்தச் சுருளில் பெண்களின் கையெழுத்தும் ஆயிரக்கணக்கில் இருந்தது. ஆனால் மனு கேட்டது 21 வயது ஆண்களுக்கு மட்டும் ஓட்டு. அங்கே 30 வயதான பெண்களில் பலருக்கு ஓட்டு கிடைத்தது 1918-இல். ஆண்களுக்குச் சமமாக 21 வயதில் கிடைத்தது 1928-இல்தான்.