நாடா தெறித்தால் யாரிடம் சொல்வது?

கேள்வி: எங்கள் தறிக்குடோனில் மோட்டார் பெல்ட்டுக்கு மூடி இல்லை. நாடா தெறித்து ஒருவருக்குக் கண்ணோரம் கிழிந்தது. புகார் சொன்னால் பெயர் வெளியே வருமா? – வாசகர், சோமனூர்

பதில்: சோமனூர் கோவை மாவட்டம், திருப்பூருக்கு அலைய வேண்டாம். கோவையிலுள்ள தொழிலகப் பாதுகாப்பு மற்றும் சுகாதார இயக்கக அலுவலகம் போதும். ஊர்வாயில் இன்னும் ‘பேக்டரி இன்ஸ்பெக்டர் ஆபீஸ்’தான்.

பயம் நியாயமானது. அதனால்தான் 1987இலேயே தொழிற்சாலைகள் சட்டத்தில் 118ஏ பிரிவு சேர்ந்தது: புகார் தந்தவர் பெயரை ஆய்வாளர் வெளியிடக் கூடாது, புகாரின் பேரில் வந்ததாகவும் முதலாளியிடம் காட்டிக்கொள்ளக் கூடாது என்றது அந்தப் பிரிவு. மனுவிலும் பெயரை மறைக்கக் கேட்டு எழுதுவது நல்லது.

சிக்கல் ஆள்கணக்கில். மின்விசை ஓடும் இடத்தில் 10 பேர் இருந்தாலே அந்தப் பழைய சட்டப்படி தொழிற்சாலை. அதற்குப் பதிலாக 2025 நவம்பரில் நடப்புக்கு வந்த புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்பில் 20. எட்டுத் தறி, மூன்று ஆள் என்றால் குடோன் தப்பிவிடும். அங்கே முதல்வரின் உதவி எண் 1100இல் பதியலாம். தறி எண்ணும் விபத்து நடந்த நாளும் சொன்னால் மனு நிற்கும்.