பூனைக் காப்பகத்தில் தொற்று பரவாதிருக்க

பூனைக் காப்பகங்களில் குட்டிகளைக் கூட்டங்கூட்டமாக மாளச் செய்யும் வியாதிகளுள் பிரதானமானது, வாந்தியும் பேதியுமாகத் தோன்றி இரத்தத்தின் வெள்ளணுக்களைக் க்ஷீணிக்கச் செய்யும் பான்லூகோபீனியா. இதன் கிருமி தரையிலும் கூண்டிலும் ஓராண்டு வரைகூட அழியாதிருக்க வல்லதாகையால், புதிதாக வரும் பூனைக்கு அன்றே தடுப்பூசி போட்டு, 14 நாட்கள் தனியறையில் வைத்துக் கவனிப்பது அவசியம்.

சுத்தம் செய்யும் விஷயத்தில் நம்மவர்க்குப் பினாயில்மீதுள்ள பக்தி அளவிறந்தது. ஆனால் பீனால் வகைப் பொருள்களை முறிக்கும் சக்தி பூனையின் ஈரலுக்குக் குறைவாகையால், சதா உடலை நக்கிக்கொண்டிருக்கும் அப்பிராணிக்கு அது விஷமே. கைக்குத் தடவும் ஆல்கஹால் திரவமோ இக்கிருமியை ஒன்றும் செய்யாது. பூனையை அப்புறப்படுத்தி, மலத்தையும் முடியையும் சோப்பு நீரால் அறவே கழுவிய பிற்பாடு, வீட்டு உபயோகப் பிளீச்சிங் திரவம் 1 பங்குக்குத் தண்ணீர் 32 பங்கு சேர்த்து அன்றன்று கலந்து, 10 நிமிஷம் ஈரமாகவே விட்டு, அலசி உலர்த்துக. அழுக்கின்மேல் ஊற்றிய மருந்து வீணே.

ஆரோக்கியமான குட்டிகளின் கூண்டை முதலிலும், நோயுற்றவற்றின் கூண்டைக் கடைசியிலும் கழுவுங்கள். துடைப்பத்தையும் தட்டையும் அறைக்கு அறை மாற்றாதீர்கள்.