சூனியக்காரி என்னும் பழி

நோயும் சாவும் ஒரு வீட்டிற் புகுங்கால், "இஃது எதனால் வந்தது?" என்று கேட்பார் சிலரே, "யாரால் வந்தது?" என்று கேட்பாரே பலர். இப்பின்னைய வினாவுக்கு விடையாகப் பல தேசங்களில் அகப்படுபவள் ஆதரவற்ற ஒரு கிழவி.

மேற்கு ஆப்பிரிக்காவிலுள்ள கானா தேசத்தின் வடபாகத்தில் கம்பாகா என்றோர் ஊர் உண்டு. சூனியக்காரிகளெனத் தத்தம் ஊரினின்றும் துரத்தப்பட்ட பெண்கள் அவ்வூர்த் தலைவரின் அடைக்கலத்தில் குடிசைகளில் வசிக்கின்றனர். யாபா பாடோ என்னும் அம்மையார் இவர்களைக் குறித்து எடுத்த ஆவணப் படம் 2010-ஆம் ஆண்டில் வெளிவந்தது. அங்கு நிகழும் விசாரணையோ விநோதமானது. ஒரு கோழியை அறுத்து எறிவர். அது மல்லாந்து மடியின் அவள் நிரபராதி. குப்புற மடியின் குற்றவாளி. சாட்சியுமில்லை, வக்கீலுமில்லை, கோழியின் தீர்ப்புக்கு அப்பீல் ஏது! நிரபராதி என்று தீர்ந்தவளையும் உறவினர் ஏற்க அஞ்சுதலால், அவளும் அங்கேயே தங்க நேரிடுகின்றது. இக்கொடுமையைத் தடுக்கும் மசோதாவை அந்நாட்டுப் பார்லிமெண்டு 2023-இல் நிறைவேற்றியும், அக்காலத்து ஜனாதிபதி ஒப்பமிட்டாரில்லை.

இஃது அயல்நாட்டுச் சேதியென்று ஒதுக்குதற்கில்லை. நம் தேசத்தில் பீஹார் மாகாணம் 1999-இலேயே இதற்கெனத் தனிச் சட்டம் இயற்ற வேண்டியதாயிற்று. சோட்டா நாகபுரியில் சந்தால், ஹோ முதலிய வகுப்பாரிடையே, கணவனை இழந்தவளுக்கு அவனுடைய நிலத்தில் ஜீவியகால அனுபோகம் உண்டு. அவள் அகன்றால் நிலம் பங்காளிகளைச் சேரும். எனவே, பழி எத்திசையினின்றும் எழும் என்பதை ஊகித்தல் எளிது.

நமது தென்காசிச் சீமையில் சூனியம் வைப்பவனென்று சொல்லப்படுபவன் பெரும்பாலும் ஆண்மகனாகிய மந்திரவாதி. அவனுக்கு அஞ்சிப் பணமும் கொடுப்பர். பெண்ணோ பேய் பிடித்தவளாகவே எண்ணப்படுகிறாள். சித்தங் கலங்கினோரைக் குற்றாலத்து அருவியில் நீராட்டினால் தெளிவு பிறக்கும் என்பது நெடுநாளைய நம்பிக்கை. அங்கே நீராட்டப்படுபவர் நோயாளியே; அயல்வீட்டுக்காரி துரத்தப்படுவதில்லை. அம்மட்டில் நாம் ஒருவாறு தப்பினோம். ஆயினும், குழந்தைக்குச் சுரங் கண்டால், "இன்னாள் கண் பட்டது" என்று சொல்லி மிளகாய் சுற்றிப் போடுகிறோம். கைம்பெண் எதிர்ப்பட்டால் பயணத்தை நிறுத்துவாரும் உளர். கம்பாகாவுக்குச் செல்லும் வழி இவ்விடத்தினின்றே தொடங்குகின்றது.

அவ்வழியை மறித்து நின்றவர் அஸ்ஸாமில் கோவால்பாரா ஜில்லாவைச் சார்ந்த பீருபாலா ராபா. பெரிய கல்வி பெற்றவரல்லர். அவருடைய மகன் பிணியுற்றபோது, மூன்று நாளில் இறப்பான் என்று குறி சொல்லப்பட்டது. மூன்று நாளும் கழிந்தன, மகன் இறக்கவில்லை. அதுமுதல் குறிசொல்வோரை நம்பாராகி, பழி சுமந்த பெண்களுக்காக ஊர் ஊராகச் சென்று வாதாடினார்; தம் ஊராரின் விலக்கையும் பொறுத்தார். 2015-இல் அஸ்ஸாம் சட்டசபை இதற்கெனச் சட்டம் நிறைவேற்றிற்று. 2021-இல் பத்மஸ்ரீ விருது அவருக்கு அளிக்கப்பட்டது. 2024-ஆம் ஆண்டு மே மாதத்தில் அவர் காலமானார்.